தப்பாக நட்ட கல்லைத் தேடி

உண்மை சொன்ன ஒரு மனிதரை நான் ஊரார் முன்னால் பொய்யராக்கினேன். அவர் சொல்வது உண்மை என்பது அப்போது எனக்குத் தெரியும். இருபத்தெட்டு வருஷம் கழித்து, அதைச் சரிசெய்ய முடியுமா என்று பார்க்கத் தருமபுரி மாவட்டத்துக்குப் போனேன். அந்தப் பயணத்தைத்தான் இங்கே எழுதுகிறேன்.

1958-இல் நான் நில அளவையாளன். தருமபுரி அப்போது தனி மாவட்டம் ஆகவில்லை, சேலத்தோடு இருந்தது. கம்பைநல்லூரை அடுத்த ஒரு கிராமத்தில் முனுசாமி, கோவிந்தன் என்ற இரண்டு பங்காளிகள் பாட்டன் நிலத்தைப் பிரித்துக்கொள்ள மனுக் கொடுத்திருந்தார்கள். ஊர்ப் பெயரை எழுதப்போவதில்லை; அவர்கள் குடும்பங்கள் இன்னும் அங்கேதான் இருக்கின்றன. முனுசாமி தன் பாகம் என்று நம்பிய இடத்தில் பாதிக் கிணறு வெட்டியிருந்தார். நான் சங்கிலி பிடித்து அளந்து, நடுவில் எல்லைக் கல் நட்டுவிட்டு முகாமுக்குத் திரும்பினேன். சாயங்காலம் கணக்கைப் படத்தில் ஏற்றும்போது இருபத்து நான்கு லிங்க், சங்கிலியில் இருபத்து நான்கு கண்ணி, இடித்தது. அதாவது ஏறக்குறைய பதினாறு அடி. எங்கே தப்பு என்று ஐந்து நிமிஷத்தில் தெரிந்துவிட்டது. மூலைக் கல் என்று எண்ணி நான் அளவைத் தொடங்கிய கல், மூலையில் நிற்கவே இல்லை. யாரோ ஏர் ஓட்டும்போது பெயர்த்து வரப்போரம் போட்ட பழைய கல் அது.

திரும்பிப் போய் அளக்க இன்னும் ஒரு நாள் வேண்டும். ஏழு மைல் நடக்க வேண்டும். கையில் மாற்றல் உத்தரவு இருந்தது. சேலத்தில் மகளுக்குக் காதுகுத்து வைத்திருந்தேன். அந்த இருபத்து நான்கு லிங்க்கை எல்லாக் கோடுகளிலும் கொஞ்சம் கொஞ்சமாகப் பிரித்துப் போட்டேன். காகிதத்தில் கணக்குச் சரியாகிவிட்டது. கிணறு கோவிந்தன் பக்கம் போனது. மறுநாள் காலை முனுசாமி முகாமுக்கு ஓடி வந்து, கல் தப்பு என்றார். அவரோடு ஊரார் பத்துப் பேர் வந்திருந்தார்கள். சங்கிலி பொய் சொல்லாது, மனிதன்தான் சொல்லுவான் என்று சொல்லிவிட்டு வண்டி ஏறினேன்.

இத்தனை வருஷம் சும்மா இருந்தவன் இப்போது ஏன் கிளம்பினேன் என்று கேட்கலாம். போன சித்திரையில் சேலத்தில் என் வீட்டு மதிலை அளக்க ஓர் இளம் அளவையாளர் வந்தார். இரண்டடி பக்கத்து வீட்டுக்குப் போகிறது என்றார். தப்பு என்றேன். டேப் பொய் சொல்லாது பெரியவரே என்றார். அவர் அளந்தது சரியாகவே இருக்கலாம். எனக்கு அன்றிலிருந்து சோறு இறங்கவில்லை.

1986 ஆடி மாதம், ஒரு புதன்கிழமை. காலை 6.10.

சேலம் பேருந்து நிலையத்தில் தருமபுரி வண்டி ஏறினேன். டிக்கெட் ஆறு ரூபாய் இருபது பைசா. பையில் ஒரு மாற்று வேட்டி, மூக்குப்பொடி டப்பா, முத்திரைத்தாளில் நானே எழுதிக் கையெழுத்திட்ட வாக்குமூலம். தொப்பூர்க் கணவாயில் லாரி ஒன்று குறுக்கே நின்றதால் முக்கால் மணி நேரம் போயிற்று. தருமபுரி சேர்ந்தபோது மணி ஒன்பது.

அங்கிருந்து கம்பைநல்லூர் இருபத்தைந்து கிலோமீட்டருக்கு மேல். பாதி வழியில் டயர் வெடித்தது. மாற்று டயரிலும் காற்று இல்லை. ஓட்டுநர் அதைச் சைக்கிளில் கட்டி எங்கோ அனுப்பிவிட்டு வேப்பமரத்தடியில் படுத்துவிட்டார். நான் கடிகாரத்தைப் பார்த்தபடி ரோட்டில் அங்குமிங்கும் நடந்தேன். எனக்குப் பக்கத்து இருக்கையில் வந்தவர் தருமபுரியைச் சேர்ந்த ஒரு பாய், கைலி வியாபாரி. கம்பைநல்லூர்ச் சந்தைக்கு மூட்டையோடு போய்க்கொண்டிருந்தார். சந்தை பிந்திவிடுமே என்று அவரிடம் அனுதாபம் சொன்னேன். அவர் என்னைப் பார்த்துச் சிரித்துவிட்டு, மூட்டையை அவிழ்த்து ரோட்டோரப் புளியங்கிளையில் நாலு கைலியைத் தொங்கவிட்டார்.

"சந்த எங்க கூடுதோ அதாங்க சந்த. இங்க நாப்பது பேரு நிக்கறாங்க, ஒருத்தருக்கும் போக வழியில்ல. இதவிட நல்ல எடம் கெடைக்குமா பெரியவரே?"

டயர் வருவதற்குள் ஏழு கைலி விற்றுவிட்டார். படுத்திருந்த ஓட்டுநரும் ஒன்று வாங்கினார். எனக்கு அந்த மனிதர்மேல் பொறாமையாக இருந்தது. எதற்கென்று விளங்கவில்லை.

பகல் 12.40. கம்பைநல்லூரில் இறங்கி நாலு கிலோமீட்டர் நடந்தேன்.

நான் அளந்த இடம் என் மனதில் இன்னும் படமாக இருந்தது. கீழே பார்த்தால் அந்தப் படம் இல்லை. அன்று அது சோளத்தட்டு நின்ற மேட்டு நிலம், நடுவில் ஒற்றைப் பனை. இன்று கண்ணுக்கு எட்டிய மட்டும் இடுப்பளவு பச்சைச் செடி. என்ன பயிர் என்றே எனக்குத் தெரியவில்லை. பனையைக் காணோம். கரண்டுக் கம்பங்கள் நின்றன. வடக்கு எது என்பதிலேயே குழம்பி, ஒரு வரப்பில் போய் அதே வரப்பில் திரும்பி வந்தேன். முப்பத்து மூன்று வருஷம் நிலம் அளந்தவன் என்று யாரிடமும் சொல்லாமல் இருப்பது நல்லது என்று தோன்றியது.

வாய்க்காலில் மடை திருப்பிக்கொண்டிருந்த ஒருவரிடம் முனுசாமி வீடு எது என்று கேட்டேன். என் வயதுக்குப் பத்து வயது குறைவாக இருக்கும். மண்வெட்டியை ஊன்றி நின்றார்.

"முனுசாமி மூணு பேரு இருக்காங்க. எந்த முனுசாமிங்க? கல்லு முனுசாமியா?"

அப்படி ஒரு பெயர் எனக்குத் தெரியாது என்றேன். கயிற்றை எடுத்துக்கொண்டு வரப்பு வரப்பாகக் கல்லை அளந்துகொண்டே திரிந்ததால் ஊரார் வைத்த பேர் என்றார். அந்த ஆள் வீட்டைவிட்டுப் போய்ப் பன்னிரண்டு வருஷம் ஆகிறது. தீர்த்தமலையில் இருப்பதாகக் கேள்வி. பெண்சாதி மாதம்மாள் மட்டும் இருக்கிறார் என்று சொல்லி, ஓட்டு வீடு ஒன்றைக் கைகாட்டினார். தேவைக்கு அதிகமாகக் கொஞ்ச நேரம் என் முகத்தைப் பார்த்தார். அவர்தான் கோவிந்தன் என்பது எனக்குப் பிறகுதான் தெரிந்தது.

பகல் 2 மணி. மாதம்மாள் வீடு.

வாசலிலேயே நிறுத்திவிட்டார். உள்ளே பட்டுப்புழு. நான் பார்த்த பச்சைச் செடி முசுக்கொட்டை, புழுவுக்குத் தீனி. வெளியாள் உள்ளே வர ஒரு முறை இருக்கிறது. பிளீச்சிங் பவுடர் கரைத்த தண்ணீரில் காலை நனைக்க வேண்டும், கையைக் கழுவ வேண்டும், எந்த வாசனையும் மேலே இருக்கக் கூடாது. இழவு வீட்டிலிருந்து நேரே வந்தவர்களை விடுவதே இல்லை. மூக்குப்பொடி டப்பாவை வெளியே வைக்கச் சொன்னார். வைத்தேன்.

உள்ளே சுவர் முழுக்க மூங்கில் தட்டுகள், ஏழெட்டு அடுக்கு. ஒவ்வொரு தட்டிலும் விரல் நீளப் புழுக்கள். அவை இலை தின்னும் சத்தம், பக்கத்து அறையில் யாரோ பழைய கோப்புகளை நிறுத்தாமல் புரட்டுவதுபோல் இருந்தது. புழுவுக்குக் கடைசிப் பருவம், இன்னும் நாலைந்து நாளில் பழுத்துக் கூடு கட்டத் தயாராகிவிடும், அதுவரை வாய் மூடாது என்றார். வீட்டைப் புழுவுக்குக் கொடுத்துவிட்டு அவர் மாட்டுக் கொட்டகை ஓரம் சமைத்துச் சாப்பிடுகிறார். மகன் பெங்களூரில் கட்டட வேலை. கூலிக்கு வருவதாகச் சொன்ன இரண்டு பெண்களில் ஒருத்தி வரவில்லை.

நான் யார் என்று சொன்னேன். மாதம்மாள் நிமிரவில்லை.

"தொப்பி போட்டுக்கிட்டு வந்தவரா? சரிங்க சார். பேசறத பேசுங்க, அப்பிடியே இந்தத் தழைய அந்தத் தட்டுல பரப்புங்க. மேல மேல போடாதீங்க, புழு மூச்சு முட்டும்."

வாழ்க்கையில் நான் செய்த பெரிய தப்பை, முசுக்கொட்டைத் தழை பரப்பிக்கொண்டே சொன்னேன். மூலைக் கல், இருபத்து நான்கு லிங்க், மாற்றல் உத்தரவு, காதுகுத்து, எதையும் விடவில்லை. வாக்குமூலத்தை எடுத்து உரக்கப் படித்தேன். கிணறு உங்களுடையது என்று முடித்தேன்.

அவர் மூன்று தட்டுக்குத் தழை பரப்பி முடித்தார். பிறகு கேட்டது கிணற்றைப் பற்றி இல்லை.

"அப்ப அந்தாளு சொன்னது நெசந்தானா?"

நிஜம் என்றேன். அடுக்கின் மூங்கிலைப் பிடித்துக்கொண்டார். பிறகு தானாகவே சொன்னார். முனுசாமி மனு எழுதிக்கொண்டு சேலத்துக்கு ஆறு தடவை போனாராம். வழிச்செலவுக்கு ஆடு விற்றாராம். ஒரு நாள் ஊரார் கூடியிருந்த இடத்தில் அவர் மறுபடி கல் பேச்சை எடுத்தபோது, மாதம்மாளே எல்லார் முன்னாலும் அடக்கியிருக்கிறார்.

"படிச்சவரு தப்பாவா எழுதுவாரு, வாய மூடுன்னு சொன்னேன் சார். மத்தவங்க கல்லு முனுசாமின்னப்ப எல்லாம் சிரிச்சிக்கிட்டுதான் போவாரு. நான் சொன்ன அன்னிக்கித்தான் பேச்சு நின்னுது. சோறு போட்டா திம்பாரு, பேச மாட்டாரு. அப்பறம் ஒரு நாளு வூட்ட உட்டே போயிட்டாரு."

நான் வாக்குமூலத்தை நீட்டினேன். இதை வைத்து மனுக் கொடுத்தால் மறுபடி அளந்து கல்லை நகர்த்துவார்கள், கிணறு கிடைக்கும் என்றேன். அவர் கையைத் துடைத்துக்கொண்டு சில கேள்விகள் கேட்டார். கல் நகர்ந்தால் மோட்டார் இணைப்பு யார் பேரில் இருக்கும்? அது கோவிந்தன் பேரில் அல்லவா? வழக்கு என்று வந்தால் மோட்டார் ஓடுமா? எத்தனை நாள் ஆகும்? இவற்றில் ஒன்றையும் நான் விசாரித்துக்கொண்டு வரவில்லை. கிணறு கோவிந்தன் பக்கம் இருந்தாலும், இத்தனை வருஷமும் மூன்று நாளுக்கு ஒரு முறை மாதம்மாள் வயலுக்கு அவர் தண்ணீர் விட்டுவருகிறார் என்பதும் அப்போதுதான் தெரிந்தது. முதலில் சோளம், அது போய் மரவள்ளி, அது போய் ஆடு, ஆறு வருஷமாகப் புழு என்று அந்த முறைத் தண்ணீருக்குத் தக்கபடி மாதம்மாள் மாறிக்கொண்டே வந்திருக்கிறார்.

"இப்ப அந்தப் பேச்ச எடுத்தா நாளைக்கித் தண்ணி நிக்கும். தண்ணி நின்னா தழையில்ல. இதுங்க வாயத் தெறந்துக்கிட்டு கெடக்குது பாருங்க. கெணறு எங்கியும் போவாது சார். நீங்க போயி அந்தாளுகிட்டச் சொல்லுங்க. எங்கிட்டச் சொன்ன மாதிரியே, ஒண்ணும் உடாம."

நான் பரிகாரம் கொண்டுவந்ததாக நினைத்திருந்தேன். அவர் அதை வாங்கிப் பார்த்து, இப்போது வேண்டாம் என்று என்னிடமே திருப்பிக் கொடுத்துவிட்டார். கோபப்பட்டிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

அவர் வீட்டில் படுக்க இடம் இல்லாததால் என்னைக் கோவிந்தன் வீட்டுக்கே அனுப்பினார். என் தப்பால் லாபம் அடைந்தவர் வீட்டில் களியும் கீரையும் சாப்பிட்டுப் படுத்தேன்.

வியாழன் காலை 7 மணி.

கோவிந்தன் தன் மொபெட்டில் என்னைக் கம்பைநல்லூர் பஸ்ஸுக்குக் கொண்டுபோய் விட்டார். கல் பேச்சை ஊரில் யாரிடமும் எடுப்பதில்லை என்று முந்தின நாள் மாதம்மாளுக்கு வாக்குக் கொடுத்திருந்தேன். நிறுத்தத்தில் வண்டியை நிறுத்திவிட்டு அவரே ஆரம்பித்தார்.

"நேத்து வாய்க்காலுகிட்டப் பாத்தப்பவே கண்டுக்கிட்டேன். சங்கிலி புடிச்ச சார்தானே நீங்க?"

ஆமாம் என்றேன்.

"கல்லு தப்புன்னு எனக்கு அப்பவே தெரியுமுங்க. அந்த மூலக் கல்லப் பேத்துப் போட்டதே எங்கப்பன்தான், ஏரு ஓட்டறப்ப."

அப்படியானால் ஏன் சொல்லவில்லை என்று கேட்டேன். அவர் மொபெட் கண்ணாடியைத் துண்டால் துடைத்தார்.

"சொல்லிட்டா அது அவங்க தண்ணி ஆயிருமுங்க. இப்ப நான் உடற தண்ணி."

திட்டவும் முடியவில்லை, மெச்சவும் முடியவில்லை. அவரை அந்த நிலையில் நிறுத்தியதே நான்தானே. பஸ் வந்துவிட்டது.

கம்பைநல்லூரிலிருந்து அரூருக்கு டிக்கெட் மூன்று ரூபாய்க்குக் கொஞ்சம் குறைவு. அரூரில், தீர்த்தமலை வழியாகப் போகும் திருவண்ணாமலை வண்டிக்கும் சேலம் வண்டிக்கும் நடுவே நின்றபோது, பேசாமல் சேலம் வண்டியில் ஏறிவிடலாமா என்று ஒரு நினைப்பு வந்தது. காலை வைத்தும் விட்டேன். நடத்துநர் எங்கே என்று கேட்டார். எனக்கே தெரியாததால் இறங்கிவிட்டேன். தீர்த்தமலை அங்கிருந்து பதினாறு கிலோமீட்டர்.

பகல் 11.30. தீர்த்தமலை அடிவாரம்.

வார நாள். கூட்டம் இல்லை. படி ஏறும் இடத்துக்குப் பக்கத்தில் தகரப் பந்தலில் மோர்ப் பானை வைத்திருந்தவர் முனுசாமி. மெலிந்து, தலை நரைத்திருந்தார். நான் அடையாளம் கண்டுகொள்ளவில்லை, அவர் கண்டுகொண்டார். உட்காரச் சொன்னார். கோடையில் மோர், மாசிக் கூட்டத்துக்குத் தேங்காய், கற்பூரம், ஒன்றும் ஓடாத மாதத்தில் முடியாதவர்களின் மூட்டையைச் சுமந்து மலை ஏறுவது என்று பிழைப்பைப் பற்றிச் சொன்னார். குறை சொல்லும் குரல் இல்லை.

இரண்டாம் முறையாக எல்லாவற்றையும் சொன்னேன். இந்த முறை கை சும்மா இருந்ததால் சொல்வது கடினமாக இருந்தது. நடுவில் ஒரே ஒரு கேள்வி கேட்டார், எத்தனை லிங்க் என்று. இருபத்து நான்கு என்றேன்.

"கெணத்துக் கயித்துல அளந்தேன் சார். பதினாறு அடி வந்துது."

முகம் ஒரு நிமிஷம் தெளிந்தது. அந்த முகத்தைப் பார்க்கத்தான் இவ்வளவு தூரம் வந்தேன் என்று நினைத்தேன். உடனே அடுத்த கேள்வி வந்தது. மாதம்மாளிடம் சொன்னீர்களா, அவள் நம்பினாளா என்று கேட்டார். நம்பினார் என்று நான் சந்தோஷமாகச் சொன்னேன்.

"அன்னிக்கும் உங்களத்தான் நம்புனா. இன்னிக்கும் உங்களத்தான் நம்பறா. நான் இதுல எங்கீங்க வரேன்?"

வாக்குமூலத்தைக் கொடுத்தேன். படித்துப் பார்த்துவிட்டு, மடிப்பு மாறாமல் மடித்துத் திருப்பிக் கொடுத்தார். வேறு எதுவும் தோன்றாததால், அங்கே புழு இன்னும் மூன்று நாளில் பழுத்துவிடும், கூலியாள் ஒருத்தி வரவில்லை, மாதம்மாள் தனியாகக் கஷ்டப்படுகிறார் என்று சொல்லிவைத்தேன். அவர் கேட்டுக்கொண்டார். குடித்த மோருக்கு நாற்பது பைசா வாங்கிக்கொண்டார். வேண்டாம் என்று சொல்வார் என்று எதிர்பார்த்திருந்தேன் என்பதையும் இங்கே ஒப்புக்கொள்கிறேன்.

அன்று மாலையே சேலம் திரும்பினேன். அடுத்த வாரம், என் தப்பை ஒப்புக்கொண்டு நான் வேலை பார்த்த இலாகாவுக்குப் பதிவுத் தபால் எழுதினேன். எந்த ஊர், எந்த நிலம் என்று எழுதவில்லை; மாதம்மாளுக்குக் கொடுத்த வாக்கு இருந்தது. நிலத்துக்காரர் மனுக் கொடுத்தால் மட்டுமே மறுபடி அளக்க முடியும் என்று மரியாதையாகப் பதில் வந்தது. அது முறைதான். நிலத்துக்காரர் யாரும் மனுக் கொடுக்கவில்லை.

மார்கழியில் மறுபடி போனேன். அந்த முறை வழியில் எங்கும் தாமதமாகவில்லை. காலை பத்தரைக்கு மாதம்மாள் வீட்டு வாசலில் காலை நனைத்துக்கொண்டு நின்றேன். புழு பழுக்கும் நாள். உள்ளே இரண்டு கூலிப் பெண்கள், மாதம்மாள், அவர்களோடு முனுசாமி.

ஆடியிலேயே, நான் வந்துபோன மறுநாள், தீர்த்தமலைக்குப் போகும் யாரிடமோ ஆள் பற்றவில்லை என்று மாதம்மாள் சொல்லி அனுப்பினாராம். முனுசாமி வந்து நாலு நாள் இருந்து, கூடு கட்டும்வரை வேலை செய்துவிட்டுப் போய்விட்டார். அதற்குப் பிறகு ஒவ்வொரு தடவை புழு பழுக்கும்போதும் வருகிறார், முடிந்ததும் தீர்த்தமலைக்குப் போய்விடுகிறார். கல்லைப் பற்றி ஏதாவது பேசினீர்களா என்று மாதம்மாளைத் தனியே கேட்டேன். இல்லை என்றார். தண்ணீர் வருகிறதா என்று கேட்டேன். மூன்று நாளுக்கு ஒரு முறை வருகிறது என்றார். என்னால்தான் அவர் வந்தாரா, ஆள் பற்றாமல் போனதாலா என்று கேட்க வாய் வரவில்லை.

பழுத்த புழுவைப் பொறுக்கி, கூடு கட்டுவதற்காக, மூங்கில் பட்டையைச் சுருளாக வைத்துப் பின்னிய சந்திரிகைத் தட்டில் விட வேண்டும். முந்தி எடுத்தால் கூடு மெல்லிசாகிவிடும், பிந்தினால் பட்டெல்லாம் தட்டிலேயே வீணாகிவிடும். ஒரு தட்டின்மேல் கூலிப் பெண்களுக்குள் பேச்சு வந்தது. பழுத்துவிட்டது என்றாள் ஒருத்தி. இன்னும் ஒரு வேளை தழை போடலாம் என்றாள் மற்றவள். முனுசாமி தட்டைச் சாளரத்துக்கு நேரே தூக்கி, ஒரு புழுவை விரலில் எடுத்து வெளிச்சத்தில் பார்த்தார். இன்னும் ஆகவில்லை, சாயங்காலம் எடுக்கலாம் என்றார். முதல் பெண் விடவில்லை. தான் பத்து வீட்டில் புழு எடுத்தவள், இவருக்கு என்ன தெரியும் என்றாள்.

மாதம்மாள் இரண்டு பேரையும் பார்க்கவில்லை. வேறு தட்டுக்குத் தழை பரப்பிக்கொண்டே சொன்னார்.

"அவரு சொன்னா சரியாத்தான் இருக்கும். வெச்சிரு."

பெண்ணும் வைத்துவிட்டாள். முனுசாமி விரலில் இருந்த புழுவைத் தட்டிலேயே விட்டுவிட்டு அடுத்த தட்டை இழுத்தார். அவர் காதில் அது விழுந்ததா என்றுகூட எனக்குத் தெரியவில்லை.